‘பேசி முடிச்சாச்சு’ என்ற பிறகு: சென்னையில் கணவன் மனைவி வழக்கைச் சமரசமாக முடிக்க

முதலிலேயே சொல்லிவிடுகிறேன், நான் வக்கீல் இல்லை. தங்கையின் கேஸுக்காக இரண்டரை வருடம் பாரிமுனையில் இருக்கும் குடும்ப நல நீதிமன்றத்துக்கு அலைந்த ஒரு அண்ணன், அவ்வளவுதான். அந்த அலைச்சலில் தெரிந்துகொண்டதை இப்போது சொந்தக்காரர்களும் எங்கள் அபார்ட்மென்ட்டில் இருப்பவர்களும் போன் போட்டுக் கேட்கிறார்கள். ஒவ்வொருவருக்கும் ஒரு மணி நேரம் சொல்வதை விட ஒரேயடியாக எழுதிவைத்துவிடலாம் என்று உட்கார்ந்திருக்கிறேன். உங்கள் கேஸில் உங்கள் வக்கீல் சொல்வதுதான் கணக்கு. அவரிடம் என்னென்ன கேட்க வேண்டும் என்று தெரிந்துகொண்டு போக இது உதவும்.

போன் செய்கிறவர்கள் எல்லோரும் கிட்டத்தட்ட ஒரே மாதிரிதான் ஆரம்பிப்பார்கள். “பேசி முடிச்சாச்சுப்பா, மியூச்சுவல்ல போயிடலாம்னு ரெண்டு பக்கமும் ஒத்துக்கிட்டாங்க.” மியூச்சுவல் என்றால் இரண்டு பேரும் சம்மதித்துச் சேர்ந்து கேட்கும் விவாகரத்து. சந்தோஷம். உடனே நான் கேட்பது ஒன்றுதான்: யார் முதலில் எதைச் செய்யப் போகிறார்கள்? பணம் முதலிலா, கேஸ் வாபஸ் முதலிலா, நகை எந்த அன்றைக்குக் கைமாறும்? அந்தப் பக்கம் கொஞ்ச நேரம் சத்தமே வராது. நான் பார்த்த வரையில் தொகை மூன்று நான்கு முறை உட்கார்ந்தால் எப்படியாவது படிந்துவிடுகிறது, உடைவதெல்லாம் இந்த வரிசையில்தான் உடைகிறது. “நீ முதல்ல புகாரை வாபஸ் வாங்கு” என்று ஒருவர், “நீ முதல்ல பணத்தை எண்ணி வை” என்று இன்னொருவர், நடுவில் வாய்தா மேல் வாய்தா. எங்கள் வீட்டில் இப்படிப் போனது ஏழு மாதம்.

பத்திரத்தில் எழுதிக்கொண்டால் போதாதா?

போதாது. இன்னமும் சிலர் 100 ரூபாய் பத்திரத்தில் ‘இனி எங்களுக்குள் எந்தச் சம்பந்தமும் இல்லை’ என்று எழுதி, பெரியவர்கள் நாலு பேர் சாட்சிக் கையெழுத்துப் போட்டு, நோட்டரி முத்திரையும் வாங்கிக்கொண்டு, விவாகரத்து ஆகிவிட்டதாக நம்புகிறார்கள். ஆகவில்லை. இந்து திருமணச் சட்டத்தின் கீழ் வரும் கல்யாணம் நீதிமன்றத் தீர்ப்பால்தான் முறியும். சில சமூகங்களில் வழிவழியாக இருக்கும் மணமுறிவு வழக்கத்துக்கு அதே சட்டத்தின் 29ஆம் பிரிவில் இடம் உண்டு, ஆனால் அந்த வழக்கத்தைச் சாட்சி வைத்து நிரூபிக்கிற பாட்டுக்கு மியூச்சுவல் மனுவே தேவலை. பத்திரத்தை நம்பி அடுத்த கல்யாணம் செய்தால் அது செல்லாது என்பது ஒரு பக்கம், இருதார மணம் என்று கிரிமினல் கேஸ் வரலாம் என்பது இன்னொரு பக்கம்.

சட்டம் எது என்பதும் கல்யாணத்தைப் பொறுத்தது. இந்து திருமணச் சட்டம் என்றால் 13பி பிரிவு, பதிவுத் திருமணம் என்று நாம் சொல்லும் சிறப்புத் திருமணச் சட்டம் என்றால் 28ஆம் பிரிவு, இரண்டிலும் மனுப் போடுவதற்கு முன் ஒரு வருடமாவது பிரிந்து வாழ்ந்திருக்க வேண்டும். கிறிஸ்தவர்களுக்கு விவாகரத்துச் சட்டத்தின் 10ஏ பிரிவில் இரண்டு வருடம் என்று இருக்கிறது. முஸ்லிம்களுக்கு முபாரத் என்ற பரஸ்பர முறை உண்டு. மனைவி கேட்டுப் பெறும் குலாவுக்கு ஷரியத் கவுன்சில் தரும் சான்றிதழ் போதாது, குடும்ப நல நீதிமன்றத்துக்குத்தான் போக வேண்டும் என்று சென்னை உயர் நீதிமன்றம் 2023இல் சொன்னது. ‘பிரிந்து வாழ்வது’ என்றால் வேறு வேறு வீடு என்று அர்த்தமில்லை. ஒரே கூரையின் கீழ் இருந்தும் கணவன் மனைவியாக வாழாமல் இருக்கலாம் என்று 1991இலேயே சுரேஷ்டா தேவி வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. சென்னை வாடகைக்கும் அட்வான்ஸுக்கும் இது தேவைப்படுகிற விளக்கம்தான்.

எங்கே உட்கார்ந்து பேசுவது?

பெரும்பாலும் கதை மகளிர் காவல் நிலையத்தில் ஆரம்பிக்கிறது. 1992இல் ஆயிரம்விளக்கில் தமிழ்நாட்டின் முதல் அனைத்து மகளிர் காவல் நிலையம் வந்ததிலிருந்து நம் ஊர் ஜனங்களுக்கு அதுதான் முதல் வாசல். புகார் கொடுத்தால் அது வந்து சேர்ந்ததற்கு அத்தாட்சியாக சி.எஸ்.ஆர். ரசீது தருவார்கள், இரண்டு தரப்பையும் கூப்பிட்டுப் பேசுவார்கள். உடனே எஃப்.ஐ.ஆர். போடவில்லையே என்று ஆத்திரப்படுபவர்கள் உண்டு. குடும்பத் தகராறுகளில் முதற்கட்ட விசாரணை செய்யலாம் என்று லலிதா குமாரி வழக்கில் உச்ச நீதிமன்றமே 2013இல் விட்டுவைத்த இடம் அது. ஸ்டேஷனில் சேர்ந்து வாழ்வதாகவோ பிரிவதாகவோ எழுதிக் கொடுக்கும் கடிதம் ஒரு பதிவு, அவ்வளவுதான். அது விவாகரத்தும் ஆகாது, பணம் தருவதாக அதில் ஒருவர் எழுதியிருந்தால் அதை வைத்து நேராக வசூலிக்கவும் முடியாது. எழுதிக் கொடுக்கத்தான் வேண்டும் என்றால் ஒரு நகல் கையில் இல்லாமல் வெளியே வராதீர்கள்.

கேஸே போடாமல் பேச வேண்டுமா? சட்டப் பணிகள் ஆணைக்குழுவுக்கு மனுக் கொடுக்கலாம். 15100 என்ற எண்ணில் கூப்பிட்டால் வழி சொல்வார்கள். பெண்களுக்கு வருமானம் எவ்வளவு இருந்தாலும் இலவசச் சட்ட உதவி உண்டு என்பது பல பேருக்குத் தெரிவதில்லை, ஐ.டி. கம்பெனியில் வேலை பார்க்கும் பெண்ணுக்கும் உண்டு.

கேஸ் ஏற்கெனவே நடக்கிறதென்றால் கவலையே இல்லை. சமரசத்துக்கு வழி இருக்கிறதா என்று பார்ப்பது குடும்ப நல நீதிமன்றங்கள் சட்டத்தின் 9ஆம் பிரிவுப்படி நீதிபதியின் கடமை. முதலில் கவுன்சலிங், அப்புறம் தேவைப்பட்டால் சமரச மையம். உயர் நீதிமன்ற வளாகத்தில் இருக்கும் தமிழ்நாடு சமரச மையம் 2005இல் தொடங்கியது, நீதிமன்றத்தோடு இணைந்து நாட்டிலேயே முதலில் வந்தது அதுதான். அங்கே பேச நீங்கள் காசு கட்ட வேண்டியதில்லை. நீதிபதி தானாக அனுப்பவில்லை என்றால் அனுப்பச் சொல்லி நீங்களே கேட்கலாம். யார் முதலில் கேட்கிறார்களோ அவர்கள் பக்கம் பலவீனம் என்று வக்கீல்கள் சிலர் பயமுறுத்துவார்கள், அதைக் காதில் வாங்காதீர்கள்.

லோக் அதாலத் என்கிற மக்கள் நீதிமன்றத்தைப் பற்றியும் கேட்கிறார்கள். ஜீவனாம்சம், பணம், பொருள் சம்பந்தப்பட்ட தகராறு அங்கே முடியும், அங்கே முடிந்ததற்கு அப்பீல் கிடையாது, கட்டிய கோர்ட் ஃபீஸும் திரும்பும். விவாகரத்து மட்டும் அங்கே கிடைக்காது.

ஒரு விஷயம் இடையில். வீட்டில் அடி உதை இருந்திருந்தால், பயம் இன்னும் இருக்கிறதென்றால், சமரசம் பேசித்தான் ஆக வேண்டும் என்று யாரும் உங்களைக் கட்டாயப்படுத்த முடியாது. முதலில் குடும்ப வன்முறைத் தடுப்புச் சட்டத்தில் பாதுகாப்பு உத்தரவு வாங்குங்கள், 181க்கு போன் செய்யுங்கள். பேசுவதானாலும் ஒரே அறையில் உட்கார மாட்டேன், தனித்தனியாகப் பேசுங்கள் என்று சமரசரிடம் சொல்லலாம். அப்படி நடத்துவது அவர்களுக்குப் பழக்கம்தான்.

அந்த அறைக்குள்

நாங்கள் முதல் நாள் பட்டாளமாகப் போனோம். அப்பா, பெரியப்பா, நான், தாய்மாமா. அந்தப் பக்கமும் அதே கணக்கு. சமரசராக இருந்த அம்மா ஒரு வார்த்தைதான் சொன்னார்: “ஐயா, நீங்க எல்லாரும் கொஞ்சம் வெளியில உட்காருங்க, பாப்பா பேசட்டும்.” பெரியப்பாவுக்குச் சுருக்கென்று கோபம். ஆனால் அன்றைக்குத்தான் தங்கை மனதில் இருந்தது என்ன என்று எங்களுக்கே தெரிந்தது. அவளுக்கு மண்டபச் செலவைத் திருப்பி வாங்குவதில் அக்கறையே இல்லை, அப்பாவுக்குத்தான் இருந்தது. குழந்தையின் பள்ளிக்கூடம் மாறக் கூடாது என்பதுதான் அவள் கேட்ட ஒரே விஷயம்.

அங்கே பேசுவது ரகசியம். சமரசம் ஆனால் உடன்படிக்கை நீதிமன்றத்துக்குப் போகும், ஆகவில்லை என்றால் ‘சமரசம் ஏற்படவில்லை’ என்று ஒரு வரி போகும், அதற்கு மேல் யார் என்ன சொன்னார்கள் என்று எழுதக் கூடாது. 2010இல் மோதி ராம் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாகச் சொன்னது. அதனால் “பத்து லட்சத்துக்கு ஒத்துக்கிறேன்” என்று அங்கே சொன்னதை நாளைக்குக் குறுக்கு விசாரணையில் எடுத்துக் காட்டுவார்களோ என்று பயப்பட வேண்டாம். அதே காரணத்துக்காக நீங்களும் போனில் ரெக்கார்டு செய்யாதீர்கள், பையில் போன் ஓடிக்கொண்டிருப்பது தெரிந்தால் அன்றைய பேச்சு அத்தோடு முடிந்தது.

தயாராகப் போங்கள். சம்பளச் சீட்டு, வருமான வரிக் கணக்கு, கடன் விவரம், பள்ளிக் கட்டண ரசீது, வாடகை ஒப்பந்தம். 2020இல் வந்த ரஜ்னேஷ் எதிர் நேஹா தீர்ப்புக்குப் பிறகு ஜீவனாம்ச வழக்குகளில் இரண்டு பேரும் சொத்து, வருமானம், கடன் எல்லாவற்றையும் பிரமாணப் பத்திரமாகத் தாக்கல் செய்ய வேண்டும். எதிர் தரப்பு அதைத் தாக்கல் செய்திருந்தால் பேச்சுக்குப் போவதற்கு முந்தின நாள் அதை நிதானமாக ஒரு முறை படித்துவிடுங்கள். மாதத் தவணை எவ்வளவு, யார் பெயரில் கடன் என்று தெரியாமல் ஒரு தொகையைக் கேட்பதும் மறுப்பதும் வீண்.

என்ன எழுத வேண்டும்

இங்கேதான் நிதானம் வேண்டும். பேசி முடித்த களைப்பில், சரி எழுதுங்கள் என்று எழுந்துபோய் பாரிமுனையில் காபி குடித்துவிட்டு வந்து கையெழுத்துப் போடுகிறவர்கள்தான் ஆறு மாதம் கழித்துத் தலையில் கைவைத்துக்கொள்கிறார்கள்.

நகையைப் பவுன் கணக்கில் எழுதுங்கள், ரூபாயில் எழுதாதீர்கள். தங்கம் விலை போகிற போக்கில் ‘நகைக்கு ஈடாக இத்தனை லட்சம்’ என்று இன்று எழுதினால் கைக்கு வரும் நாளில் அது பாதி நகைக்குக்கூட வராது. ஒவ்வொன்றாகப் பெயரும் எடையும் போட்டுப் பட்டியல்: ஆரம் எத்தனை பவுன், வளையல் எத்தனை ஜோடி, நெக்லஸ், தாலிக்கொடி. கல் வைத்த நகைக்குக் கல் நீக்கிய எடையா, மொத்த எடையா என்பதையும் எழுதிவிடுங்கள். அடகில் இருக்கும் நகை என்றால் எந்த வங்கி, யார் மீட்பது, வட்டி யார் தலையில். லாக்கரில் இருந்தால் சாவி யாரிடம். பொருள் கைமாறும் நாளில் இரண்டு தரப்பு வக்கீல்களும் இருக்க எடை போட்டு, ‘பெற்றுக்கொண்டேன்’ என்று அங்கேயே எழுதி வாங்குங்கள்.

சீர் சாமான்கள் பட்டியலும் வரும். பீரோ, கட்டில், மெத்தை, எவர்சில்வர் பாத்திரம், கிரைண்டர். சிரிக்காதீர்கள், எங்களுக்கு ஒரு முழு உட்காரல் வெட் கிரைண்டரில் போனது. மாமியார் அதைத் தர மாட்டேன் என்கிறார், எங்கள் அம்மா விட மாட்டேன் என்கிறார், இரண்டு பேர் வீட்டிலும் வேறு கிரைண்டர் இருக்கிறது. கடைசியில் சமரசர் “இந்தக் கிரைண்டருக்கு ஆகிற ஆட்டோ வாடகை எவ்வளவு தெரியுமா?” என்று கேட்ட பிறகுதான் விட்டார்கள்.

வீடு கூட்டுப் பெயரில் இருந்தால் இன்னும் கவனம். ‘மனைவி தன் பங்கை விட்டுக்கொடுக்கிறார்’ என்று உடன்படிக்கையில் ஒரு வரி எழுதுவதோடு நின்றுவிடாதீர்கள், விடுதலைப் பத்திரம் சார்பதிவாளர் அலுவலகத்தில் எந்தத் தேதிக்குள் பதிவாக வேண்டும், செலவு யாருடையது என்று எழுத வேண்டும். குடும்பத்துக்குள் எழுதும் பத்திரத்துக்கு முத்திரைத் தீர்வையில் சலுகை உண்டு. விவாகரத்து ஆன பிறகு நீங்கள் ஒரே குடும்பம் இல்லை என்று ஆகிவிடுவதால் தீர்ப்புக்கு முன்னாலேயே பதிவு செய்வது லாபமா என்று ஆவண எழுத்தரிடம் கேட்டுக்கொள்ளுங்கள். வீட்டுக் கடன் இருந்தால் வங்கியின் சம்மதம் இல்லாமல் கடன் பத்திரத்திலிருந்து ஒரு பெயரை எடுக்க முடியாது. உடன்படிக்கையில் நீங்கள் என்ன எழுதினாலும் வங்கி இரண்டு பேரிடமும் கேட்கும்.

குழந்தை விஷயம். ‘தாயிடம் இருக்கும், தந்தை பார்க்கலாம்’ என்று மொட்டையாக எழுதியதால் சண்டை திரும்ப ஆரம்பித்த வீடுகள் ஏராளம். எந்தக் கிழமை, எத்தனை மணியிலிருந்து எத்தனை மணி வரை, யார் கூட்டிவந்து விடுவது, பொங்கலுக்கு யாரிடம், தீபாவளிக்கு யாரிடம், முழு ஆண்டு லீவில் எத்தனை நாள், வாரத்தில் எத்தனை வீடியோ கால். வெளியே பார்ப்பதில் நம்பிக்கை இல்லை என்றால் குடும்ப நல நீதிமன்ற வளாகத்தில் இருக்கும் குழந்தைகள் மையத்தில் பார்க்கலாம் என்று எழுதலாம், ஆனால் கோர்ட் வாசலில் அப்பாவைச் சந்திப்பது பிள்ளைக்கு நன்றாக இருக்காது என்பது என் அபிப்பிராயம், நாளடைவில் பூங்காவுக்கோ கடற்கரைக்கோ மாற்றிக்கொள்ளுங்கள். பாஸ்போர்ட்டுக்கு இரண்டு பெற்றோர் சம்மதமும் தேவைப்படும் என்பதால் அதற்குக் கையெழுத்துத் தர வேண்டும் என்பதையும் சேர்த்துவிடுங்கள். பள்ளிக் கட்டணம், மருத்துவச் செலவு, மருத்துவக் காப்பீடு யார் கட்டுவது என்பதும் வேண்டும்.

‘குழந்தைக்கு எதிர்காலத்தில் எதுவும் கேட்க மாட்டேன்’ என்று அம்மா எழுதிக் கொடுத்தாலும் அது பிள்ளையைக் கட்டாது, அதன் உரிமையைப் பெற்றோர் விற்க முடியாது. குழந்தை யாரிடம் இருப்பது என்ற உத்தரவும் இப்படித்தான், நிலைமை மாறினால் எப்போது வேண்டுமானாலும் மாற்றக் கேட்கலாம்.

கடைசியாக, இருக்கிற கேஸ்கள் எல்லாவற்றையும் எண்ணோடு எழுதுங்கள். குடும்ப நல நீதிமன்றத்தில் ஓ.பி. என்கிற மூல மனு, ஜீவனாம்சத்துக்கு எம்.சி., எழும்பூரிலோ சைதாப்பேட்டையிலோ குடும்ப வன்முறை மனு, மகளிர் ஸ்டேஷனில் எஃப்.ஐ.ஆர்., மாமனார் தன் ஊரில் போட்ட பணக் கேஸ். ‘எல்லா வழக்குகளும் வாபஸ்’ என்று பொதுவாக எழுதினால் மறந்துபோன ஒன்று எங்கோ உயிரோடு இருக்கும், இரண்டு வருடம் கழித்து அதில் வாரண்ட் வரும். அப்படியே வாட்ஸ்அப் ஸ்டேட்டஸிலும் ஃபேஸ்புக்கிலும் ஒருவரைப் பற்றி ஒருவர் எதுவும் போடக் கூடாது என்று ஒரு வரி.

இனி வரிசை

பரஸ்பர சம்மத மனுவில் இரண்டு கட்டம். மனுப் போட்டு முதல் வாக்குமூலம். மனுப் போட்ட நாளிலிருந்து ஆறு மாதம் கழித்து, 18 மாதத்துக்குள் இரண்டாவது வாக்குமூலம், அப்புறம் தீர்ப்பு. இந்த ஆறு மாதத்தைக் குறைக்கலாம். அமர்தீப் சிங் வழக்கில் 2017இல் உச்ச நீதிமன்றம் வழி சொன்னது: மனுப் போடும் முன்பே ஒன்றரை வருடப் பிரிவு முடிந்திருக்க வேண்டும், சேர்த்துவைக்கும் முயற்சி எல்லாம் பலிக்காமல் போயிருக்க வேண்டும், ஜீவனாம்சம், குழந்தை என எல்லாம் பேசித் தீர்ந்திருக்க வேண்டும், காத்திருப்பது வேதனையை நீட்டுவதாக மட்டுமே இருக்க வேண்டும். முதல் கட்டம் முடிந்து ஒரு வாரம் கழித்து இதற்கான மனுவைப் போடலாம். கொடுப்பதும் மறுப்பதும் நீதிபதி கையில். உச்ச நீதிமன்றம் நேராக விவாகரத்து கொடுத்துவிட்டதே என்று 2023 ஷில்பா சைலேஷ் தீர்ப்பைக் காட்டுகிறவர்களுக்கு: அது அரசியல் சாசனத்தின் 142ஆம் பிரிவில் உச்ச நீதிமன்றத்துக்கு மட்டும் உள்ள அதிகாரம், பாரிமுனையில் கேட்டால் கிடைக்காது.

இப்போது முக்கியமான விஷயம். தீர்ப்பு வரும் நிமிடம் வரை இரண்டு பேரில் யார் வேண்டுமானாலும் சம்மதத்தைத் திரும்பப் பெறலாம், இதுவும் அதே சுரேஷ்டா தேவி வழக்குதான். ஆகவே முழுப் பணத்தையும் முதல் நாளே கொடுப்பவர் ஏமாறலாம், முழுப் பணத்தையும் கடைசி நாளில் வாங்கிக்கொள்கிறேன் என்று கேஸை எல்லாம் முதலில் வாபஸ் வாங்குகிறவரும் ஏமாறலாம். 15 லட்சம் என்று வைத்துக்கொள்வோம். மனுப் போட்டு முதல் வாக்குமூலம் கொடுக்கும் அன்று 5, இரண்டாவது வாக்குமூலத்தில் 5, உயர் நீதிமன்றத்தில் எஃப்.ஐ.ஆர். ரத்தாகும் அன்று 5. நகையில் பாதி முதலில், பாதி நடுவில். ஒவ்வொரு படியிலும் ஒருவர் ஒன்றைச் செய்தால் இன்னொருவர் அதே நாளில் ஒன்றைச் செய்வார் என்று அமைய வேண்டும். எங்கள் ஏழு மாதச் சிக்கலை அவிழ்த்தது இந்த மூன்று தவணைதான், தொகையில் ஒரு ரூபாய்கூட மாறவில்லை.

பணம் டி.டி.யாகவே போகட்டும், அதன் எண்ணை மெமோவில் (கோர்ட்டில் கொடுக்கும் எழுத்துக் குறிப்பில்) எழுதி நீதிபதி முன்னால் கொடுங்கள். டி.டி.க்கு மூன்று மாதம்தான் ஆயுள். ‘அடுத்த வாய்தாவில் கண்டிப்பாக முடிந்துவிடும்’ என்று யாராவது சொன்னதை நம்பி முன்கூட்டியே எடுத்துவைக்காதீர்கள். ரொக்கமாகக் கொடுத்துவிட்டு, “வாங்கினதா ஞாபகம் இல்லையே” என்று கேட்டுக்கொண்டு நின்றவர்களைப் பார்த்திருக்கிறேன்.

கேஸ் வாபஸ் எல்லாம் ஒரே மாதிரி இல்லை. ஜீவனாம்ச மனு, குடும்ப வன்முறை மனு இவற்றைப் போட்டவரே மெமோ கொடுத்து முடித்துக்கொள்ளலாம். வரதட்சணைக் கொடுமை எஃப்.ஐ.ஆர். அப்படி இல்லை. பழைய இந்திய தண்டனைச் சட்டத்தில் 498ஏ, 2024 ஜூலை 1 முதல் பாரதிய நியாய சன்ஹிதாவில் 85ஆம் பிரிவு. தமிழ்நாட்டில் இதை ஸ்டேஷனிலோ மாஜிஸ்திரேட் முன்னாலோ ராஜி செய்துகொள்ள முடியாது. “நான் புகாரை வாபஸ் வாங்கிட்டேன், முடிஞ்சது” என்று பெண் சொன்னாலும் சார்ஜ் ஷீட் போன கேஸ் ஓடிக்கொண்டுதான் இருக்கும். உயர் நீதிமன்றத்தில் கேஸை ரத்து செய்யக் கேட்கும் குவாஷ் மனுப் போட வேண்டும், முன்பு குற்றவியல் நடைமுறைச் சட்டம் 482, இப்போது அதற்குப் பதிலாக வந்த பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவில் 528. சமரசம் ஆன குடும்ப வழக்குகளை இப்படி ரத்து செய்யலாம் என்று 2003இல் பி.எஸ். ஜோஷி வழக்கிலும் 2012இல் கியான் சிங் வழக்கிலும் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. புகார் கொடுத்த பெண் கூட்டு மெமோவில் கையெழுத்திட்டு நேரில் வர வேண்டியிருக்கும், அடையாள அட்டை வேண்டும், மனசார ஒப்புக்கொண்டீர்களா என்று நீதிபதி கேட்பார். அதனால்தான் கடைசித் தவணையைக் குவாஷ் நாளோடு கட்டச் சொல்கிறேன். பணத்தை வாங்கிக்கொண்டு கேஸை நடத்துவேன் என்று பெண் தரப்பு சொன்னால் அதற்கும் மருந்து உண்டு, 2004 ருச்சி அகர்வால் வழக்கில் அப்படி நடந்த கேஸை உச்ச நீதிமன்றமே ரத்து செய்தது. அங்கே வரை போய் வர யாருக்குத் தெம்பு இருக்கிறது?

பிரிவதற்கு மட்டும்தான் சமரசம் என்று இல்லை, சேர்ந்து வாழ முடிவெடுப்பவர்களும் வருகிறார்கள். அவர்களுக்கு ஒன்று: தனிக்குடித்தனமா, யார் சம்பளம் எதற்கு, மாமியார் வீட்டுக்கு எப்போது போவது என்று கூச்சப்படாமல் எழுதிக்கொள்ளுங்கள், கேஸை உடனே வாபஸ் வாங்காமல் சில மாதம் நிலுவையில் வைக்க நீதிபதியிடம் கேட்டுப் பாருங்கள். நன்றாகப் போனால் அப்புறம் முடித்துக்கொள்ளலாம்.

கோர்ட் நாள்

மெட்ரோவில் உயர் நீதிமன்றம் ஸ்டேஷனில் இறங்கினால் எதிரில்தான். காரை எடுத்துக்கொண்டு போய் நிறுத்த இடம் தேடி வாய்தாவைத் தவறவிடாதீர்கள். வாசலில் சோதனை உண்டு, அடையாள அட்டை கையில் இருக்கட்டும். கல்யாணப் பத்திரிகை, கல்யாண போட்டோ, திருமணப் பதிவுச் சான்று, இரண்டு பேர் முகவரிச் சான்று எல்லாம் அசலோடு வேண்டும். பேர்தான் சென்னை, வீடு தாம்பரத்தையோ ஆவடியையோ தாண்டி என்றால் மனு செங்கல்பட்டுக்கோ திருவள்ளூருக்கோ போகலாம், அதை முதலிலேயே பார்த்துவிடுங்கள். ஒருவர் வெளிநாட்டில் இருந்தால் வீடியோ கான்பரன்ஸில் ஆஜராக அனுமதி கேட்கலாம், அந்த மனுவை வாய்தாவுக்கு முந்தின நாள் நினைத்துக்கொண்டு போடாதீர்கள்.

நீதிபதி கேட்பது எளிய கேள்விகள்தான். கல்யாணம் எப்போது, எப்போதிலிருந்து பிரிந்திருக்கிறீர்கள், யாராவது மிரட்டினார்களா, பணம் வந்ததா. தங்கையிடம் “நல்லா யோசிச்சீங்களாம்மா?” என்று கேட்டார். அவள் தலையை ஆட்டினாள், வாயால் சொல்லச் சொன்னார்கள். அதற்கு அவளுக்குக் கொஞ்ச நேரம் பிடித்தது.

சம்மதத்தின் பேரில் வந்த தீர்ப்புக்கு அப்பீல் கிடையாது, குடும்ப நல நீதிமன்றங்கள் சட்டம் 19ஆம் பிரிவிலேயே இருக்கிறது. அன்றே சான்றிட்ட நகலுக்கு மனுப் போடுங்கள், இரண்டு மூன்று பிரதியாகவே கேளுங்கள், பாஸ்போர்ட்டுக்கு ஒன்று, வங்கிக்கு ஒன்று என்று போய்க்கொண்டே இருக்கும். பி.எஃப்., இன்ஷூரன்ஸ், டீமேட் எல்லாவற்றிலும் நாமினி பழைய பெயரில் இருக்கும், அந்த வாரமே மாற்றுங்கள். நகல் கைக்கு வந்ததும் வளாகத்தை விட்டு வெளியே வருவதற்குள் பெயர், அப்பா பெயர், கல்யாணத் தேதி, கேஸ் எண் நான்கையும் எழுத்து எழுத்தாகச் சரிபாருங்கள். எங்களுக்கு இனிஷியல் ஒன்று மாறி வந்திருந்தது, அதைத் திருத்தி வாங்க இன்னொரு மனு, இன்னும் ஒன்றரை மாதம்.